ரோமுக்குப் போகுமுன் ஆக்கிய சோறு

ஜூலை 18, வெள்ளி

நாளை ரஃபியும் நானும் ரோமுக்குப் புறப்படுகிறோம். ஏழு நாள் சுற்றுலா என்று ஊருக்குச் சொல்லியிருக்கிறோம். நான் திரும்புவேன், மகன் திரும்ப மாட்டான். பர்மியப் பட்டாளத்துக்குக் கட்டாயமாக ஆள் எடுக்கும் அடுத்த பட்டியலில் அவன் பெயரும் வரும் என்று கேள்வி.

இத்தனை நாள் மூடிவைத்த விஷயத்தை இன்று என் மனைவி ஜமீலா சோறாக்கிப் போட்டுவிட்டாள். யாசீன் ஓதி, லான்மடாவ் தெரு முழுவதற்கும் பிரியாணி. ஹஜ்ஜுக்குப் போகிறவர்களுக்குத்தான் நாங்கள் இப்படி ஆக்குவோம். கேட்டால், "புள்ளைய ஓதாம அனுப்பச் சொல்றீங்களா?" என்கிறாள்.

அந்தப் பட்டியலுக்குப் பெயர் எழுதிக் கொடுக்கும் வார்டுத் தலைவரும் வந்து இரண்டு தட்டு சாப்பிட்டார். "கோ காசிம், ஏழு நாளைக்கா இவ்வளவு பெரிய விருந்து?" என்று பர்மியில், 'கோ' என அண்ணன் முறை வைத்துக் கேட்டுச் சிரித்தார். என்ன பார்க்கப் போகிறாய் என்று ரஃபியைக் கேட்டார். கொலோசியம், இடிந்த மண்டபங்கள், பழைய குளியல்கூடம் என்று, மனப்பாடம் செய்தபடி அவன் ஒப்பித்தான்.

"அந்த இடிஞ்ச சுவர் முன்னால அப்பனும் மகனும் நின்னு படம் எடுங்க. திரும்பின அன்னைக்கே நான் வர்றேன். ரெண்டு பேர் வாயாலயும் கதை கேக்கணும்."

போகும்போது ஜமீலா அவருக்கு ஒரு தூக்கு நிறையச் சோறும் கொடுத்தனுப்பினாள். அவர் கதை கேட்க வரும் அன்றைக்கு, சொல்ல என் ஒரு வாய்தான் இருக்கும்.