சும்மா இருப்பவர்களின் கணக்கு

அன்புள்ள அம்மாவுக்கு,

நலம். உங்கள் மூட்டுவலியும் அப்பாவின் கோபமும் குறைந்திருக்கும் என்று நம்புகிறேன். பெண்கள் வேலை செய்கிறார்களா என்று வீடுவீடாகத் தொலைபேசியில் கேட்பதுதான் இங்கே என் வேலை.

நேற்று ஒருத்தி, “நான் வீட்ல சும்மாதாங்க இருக்கேன்” என்றாள். பின்னால் தையல் மிஷின் ஓடியது.

“யாருங்க தைக்கிறது?”

“நாந்தான். யூனிஃபார்ம், நாளைக்குக் குடுக்கணும்.”

எதைப் பதிவது என்று மேலாளரிடம் கேட்டேன். “மொதல்ல சொன்னதுதாம்மா பதில். அடுத்த நம்பரப் போடு” என்றார். சும்மா என்றே பதிந்தேன். வருத்தம்கூட வரவில்லை.

இங்கிருந்து யாராவது நம் வீட்டுக்கும் கூப்பிடலாம். அப்பாவிடம் கொடுக்காதீர்கள், பகலெல்லாம் நம் கடையில் நிற்பது நீங்கள் என்பது அவருக்கு நினைவிருக்காது. நீங்களே எடுத்து, வேலை செய்கிறேன் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். உடனே வைத்துவிடாமல், கேட்கிற பெண்ணிடம் சாப்பிட்டாயா என்று ஒரு வார்த்தை கேளுங்கள்.

இடைவேளை முடிந்தது.

உங்கள் மகள்