கல்யாண நாளில் விழுந்த வாய்தா

அனுப்புபவர்:
க. ஜம்புலிங்க நாயக்கர், பயிர்த்தொழில், கள்ளிக்குப்பம், அம்பத்தூர்.

பெறுபவர்:
ஜில்லா கலெக்டர் துரையவர்கள்.

விஷயம்: வாய்க்கால் அப்பீல் விசாரணையை 25-5-1932 தவிர வேறு நாளில் வைத்துக்கொள்ளவும், வாய்க்காலைத் திறக்க உத்தரவிடவும் கோருவது.

கனம் பொருந்திய ஐயா,

1. என்னுடைய ஒரு காணி நஞ்சைக்கு ஏரித் தண்ணீர், பக்கத்து நிலக்காரர் பரந்தாமன் நாயக்கரின் வயல் வழியாகத்தான் வரவேண்டும். வரப்புச் சண்டையில் கோபித்துக்கொண்டு, அது காலங்காலமாக இருந்துவரும் மாமூல் வாய்க்கால் அல்லவென்று அவர் புகார் கொடுக்க, தாசில்தார் அவர்கள் அடைக்க உத்தரவிட்டார்கள்.

2. ஆத்திரம் தாங்காமல் நேராகப் பூந்தமல்லி முன்சீப் கோர்ட்டில் பிராது போட்டேன். சட்டப்படி மேலதிகாரிகளிடம் செய்யவேண்டிய இரண்டு அப்பீல்களையும் முடித்துவிட்டு வரும்படி திருப்பிவிட்டார்கள். அன்று அந்த நீதிபதியை மனசுக்குள் வைதேன். இன்று அவருக்குக் கோடி கும்பிடு போடுகிறேன். காரணம் வருமாறு.

3. முதல் அப்பீல் டிவிஷன் அதிகாரியிடம் ஆறு வாய்தா நடந்தது. இரண்டாம் வாய்தாவன்று, மாடு நொண்டியதால் பரந்தாமன் நாயக்கர் தஸ்தாவேஜுக் கட்டைத் தலையில் வைத்துக்கொண்டு வெயிலில் நடந்து போனார். மனசு கேட்காமல் என் வண்டியில் ஏறச் சொன்னேன். "இன்னா அண்ணாத்தே, எதிராளிய ஏத்திகினு போறியே, ஊரு சிரிக்காதா?" என்றார். ஊர் சிரித்தது வாஸ்தவம். பிறகு எல்லா வாய்தாவுக்கும் ஒரே வண்டி, ஒரே கட்டுச்சோறு. உள்ளே போனால் மட்டும் விரோதிகள்.

4. ஆறாவது வாய்தாவிலிருந்து திரும்புகையில் என் மகள் வரலட்சுமியை அவர் மகன் கோவிந்தனுக்குப் பேசி முடித்தோம். அதற்குள் வாதம் முடிந்துவிட்டபடியால் தீர்ப்பு எனக்கு விரோதமாகவே வந்தது. வாய்க்காலை வெட்டிவிடச் சம்பந்தியே மண்வெட்டியோடு போனார். சர்க்கார் உத்தரவு இருக்கிறதென்று தலையாரி தடுத்துவிட்டார். ஆகையால் தங்களிடம் இரண்டாம் அப்பீல் செய்திருக்கிறேன்.

5. எங்கள் இருவருக்கும் வந்த விசாரணை நோட்டீசுகளை, நல்ல வேளையில் வந்த காகிதமென்று பிரிக்காமலே மஞ்சள் குங்குமம் வைத்து அம்மன் காலடியில் வைத்துவிட்டோம். தட்டு மாற்றி, ஊரெல்லாம் அழைத்த பிறகு பிரித்தால், முகூர்த்தமும் விசாரணையும் ஒரே நாள், வைகாசி 12, அதாவது 25-5-1932. இந்தப் புத்திக்குறைவுக்கு மன்னிக்கவேண்டும்.

6. ஆஜராகாவிட்டால் அப்பீல் தள்ளுபடியாகி, வாய்க்கால் நிரந்தரமாக அடைபட்டுவிடும். அந்த ஒரு காணியைத்தான் பெண்ணுக்குச் சீராக எழுதி வைக்கிறேன். தரிசைக் கொடுத்து அனுப்ப மனம் வரவில்லை.

7. ஆகவே, விசாரணையை வேறு நாளைக்கு மாற்றி, வாய்க்காலைத் திறக்க உத்தரவு செய்யும்படி மிகவும் வேண்டிக்கொள்கிறேன். இனி கோர்ட்டுக்குப் போகும் உத்தேசம் எங்கள் இருவருக்கும் இல்லை. எனக்கு இப்போது இருக்கிற சந்தோஷத்தில் யார்மேல் பிராது போடுவதென்றும் தெரியவில்லை.

இடம்: கள்ளிக்குப்பம்
தேதி: 9-5-1932

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படிந்த குடியானவன்,
க. ஜம்புலிங்க நாயக்கர்
(மனுதாரர்)

மேற்படி மனுவைப் படிக்கக் கேட்டேன். எல்லாம் நிஜம். என் புகாரை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன். தண்ணீர் என் வயலைத் தாண்டி என் பிள்ளை வயலுக்குத்தானே போகிறது. தயவுசெய்து திறந்துவிடுங்கள்.

பரந்தாமன் நாயக்கர் கைநாட்டு
(எதிர்மனுதாரர்)