மைனாவின் தண்ணீர்

பங்குனி மாதம், செவ்வாய் இரவு.

இன்றைக்கு மைனா வரவில்லை. பல்கனியில் மகள் வைக்கிற தண்ணீர்ச் சட்டிக்கு, கடற்கரையோரமாகப் பின்னேர ரயில் போனதும் அது வந்துவிடும். நேற்றுச் சட்டிக்குள் எறும்புகள் மிதந்தன. நான் பெரிய எஞ்சினியர் மாதிரி விளிம்பைச் சுற்றி எறும்பு கொல்லும் சோக்கால் கோடு கீறினேன். அதற்குப் பிறகும் மைனா வந்து குடித்துவிட்டுத்தான் போனது.

"அப்பா, எறும்பு சாகுமெண்டா மைனாவுக்கு ஒண்டும் செய்யாதா?" என்று இன்றைக்கு மகள் கேட்டாள். ஒன்பது வயதுக்கு வந்த யோசனை எனக்கு வரவில்லை.

"அப்பா ஓ லெவலில சயன்ஸ் பெயில், பிள்ளை," என்றா குசினிக்குள் இருந்து மனுசி. உண்மைதான்.

சட்டியை மூன்று தரம் சவர்க்காரம் போட்டுக் கழுவினேன். பிறகு மனுசி சொன்னபடி ஒரு தட்டில் தண்ணீர் ஊற்றி, அதன் நடுவில் சட்டியை வைத்தேன். எறும்புகள் வந்தன. சட்டிக்குப் போக அவை முயலவேயில்லை. தட்டின் கரையில் வரிசையாக நின்று குடித்தன. பாவம், இந்த வெயிலில் அவற்றுக்கும் தண்ணீர்தான் தேவைப்பட்டிருக்கிறது.

"குடிக்கட்டும் அப்பா," என்றாள் மகள்.

இருவரும் குந்தியிருந்து பார்த்தோம். பார்க்கப் பார்க்கத் தட்டு குளமாகி, எறும்புகள் மாடுகளாகி, கடற்சத்தம் அந்தக் குளத்திலிருந்தே வருவதுபோல இருந்தது. நானும் ஒரு கரையில் நின்று குடிப்பது போல.

"மைனா நாளைக்கு வரும்" என்று சொல்லி அவளைப் படுக்க வைத்தேன். விடிய அவள் எழும்ப முதல் நான் எழும்பி, கீழே முற்றத்தை ஒருதரம் பார்த்துவிட வேண்டும்.