பையில் பொறித்த பெயர்

மினிஸ்டர் சாப்,

இன்று காலை ஒரு பெல்ட்டில் முத்திரை வைப்பதற்காகப் பித்தளை அச்சைச் சூடாக்கினேன். அது தோலில் பட்டதும் எழுந்த கருகல் வாடையில் கையை இழுத்துக்கொண்டேன். நீங்கள் போனதிலிருந்து இந்த வேலையை என் மச்சினன்தான் பார்க்கிறான். இன்று அவன் உல்லாஸ்நகருக்குச் சரக்கு கொண்டு போயிருந்தான். வெள்ளிக்கிழமை லண்டனிலிருந்து உங்கள் மகள் வருகிறாள். அதற்குள் உங்களிடம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும்.

ஜும்மா தொழுகை முடிந்து, தாராவிப் பள்ளிவாசல் வாசலில் குனிந்து ஷூ லேஸ் கட்டிக்கொண்டிருந்த நெட்டை மனிதராகத்தான் உங்களை முதலில் பார்த்தேன். மேற்கு ஆப்பிரிக்காவில் ஒரு நாட்டின் மந்திரி என்று சொன்னால் யார் நம்புவார்கள்? செம்பூரில் ஒற்றை அறை. என் கார்கானாப் பட்டறையில் தைத்த தோல் பைகளை வாங்கி உங்கள் ஊர்ப் பக்கத்து வியாபாரிகளுக்கு அனுப்பிப் பிழைத்துக்கொண்டிருந்தீர்கள்.

வாத்தியாராக இருந்து எம்.பி. ஆனவர் நீங்கள், பிறகு மந்திரி. முதல் தடவை ராணுவம் ஆட்சியைப் பிடித்தபோது உங்களை வீட்டிலிருந்து வெறுங்காலோடு இழுத்துப் போனார்கள். இரண்டு வருடம் சிறை. வெளியே வந்து, தேர்தலில் ஜெயித்து, மறுபடி மந்திரியானீர்கள். மனைவியின் வைத்தியத்துக்காக மும்பை ஆஸ்பத்திரியில் இருந்தபோது இரண்டாவது தடவையும் ராணுவம் வந்தது. திரும்பிப் போனால் பிடித்துவிடுவார்கள். மனைவியை இங்கேயே அடக்கம் செய்துவிட்டு நீங்களும் இங்கேயே தங்கிவிட்டீர்கள்.

கார்கானாவில் எல்லோரும் செருப்பைக் கழற்றிப் போட்டுத் தரையில் உட்காருவோம். நீங்கள் மட்டும் ஷூவைக் கழற்ற மாட்டீர்கள், பள்ளிவாசல் ஒன்றுக்குத்தான் விதிவிலக்கு. "இங்கே மிலிட்டரி வராது சாப், வந்தாலும் இந்தச் சந்தில் வண்டி மாட்டிக்கொள்ளும்" என்று எனக்குத் தெரிந்த ஹிந்தியில் கிண்டலடிப்பேன். வாய்விட்டுச் சிரிப்பீர்கள். ஒருநாள் மட்டும் சிரிக்காமல் சொன்னீர்கள்: "ரேடியோவில் பாட்டு நிற்கும் பாய், ராணுவ பேண்டு வாசிப்பார்கள். உடனே எங்கள் பெண்கள் தண்ணீர் பிடித்து வைக்க ஓடுவார்கள். அப்புறம் எத்தனை நாளைக்குக் கதவைத் திறக்க முடியும் என்று தெரியாதே."

நீங்கள் இங்கே தங்கிய நான்காவது வருடம், வியாபார விஷயமாக ஒரு பயணம் என்று சொல்லி ஒரு கைப்பை தைக்கச் சொன்னீர்கள். வேண்டியவர்களுக்குப் பை தைத்தால் உள்மடிப்பில் அவர்கள் பெயரைத் தங்க எழுத்தில் பொறித்துக் கொடுப்பது எங்கள் கார்கானா வழக்கம். அது உங்களுக்குத் தெரியும். அதனால்தான் முதலிலேயே "பெயர் வேண்டாம், பாய்" என்றீர்கள். போகும்போது வாசலில் நின்று இன்னொரு தடவையும் சொன்னீர்கள்.

கூச்சப்படுகிறீர்கள் என்று நினைத்துக்கொண்டேன். என் வீட்டுக்காரியும், "மந்திரியா இருந்தவுகல்லா? பேரு இல்லாம வெறும் தோலாக் குடுத்தா நல்லாவா இருக்கும்?" என்றாள். அவள் மேல் பழி இல்லை, அச்சைப் பிடித்தது என் கை. நீங்கள் ஊர் போய்ச் சேர்ந்து திறந்து பார்த்துச் சந்தோஷப்பட வேண்டும் என்று உள்பாக்கெட்டுக்குப் பின்னால் பொறித்தேன். மாண்புமிகு என்று ஆங்கிலத்தில் போட்டு, அதற்குக் கீழே உங்கள் முழுப்பெயர்.

வேறு ஒருவர் பெயரில் எடுத்த காகிதங்களோடு எல்லையைத் தாண்டி, சிதறிப்போன கட்சிக்காரர்களைச் சேர்க்கப் போகிறீர்கள் என்று எனக்கு எப்படித் தெரியும்?

உங்களோடு போய்த் தப்பித்தவர் இரண்டு மாதம் கழித்து போன் செய்தார். எல்லைச் சாவடியில் காகிதங்களைப் பார்த்துச் சரி என்று விட்டுவிட்டார்களாம். கடைசியில் ஒரு சிப்பாய் பையைக் கவிழ்த்து உள்ளே கை விட்டிருக்கிறான். அந்த எழுத்துகளை நீங்களும் அப்போதுதான் முதல் தடவையாகப் பார்த்தீர்களாம். இந்தத் தடவையும் ஷூவைக் கழற்றச் சொல்லித்தான் கூட்டிப் போனார்கள். சிறையிலேயே முடிந்துவிட்டது என்று பிறகு சேதி வந்தது. எங்கே புதைத்தார்கள் என்று உங்கள் மகளுக்குக்கூடச் சொல்லவில்லை.

அவள் அழுது ஓய்ந்தபின் போனில் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். "பெயர் போட வேண்டாம் என்று அப்பா உங்களிடம் சொல்லவில்லையா?"

இல்லையம்மா, சொல்லவில்லை என்றேன்.

அவள் நம்பிவிட்டாள். அப்பாதான் கவனமில்லாமல் இருந்துவிட்டார் என்று இத்தனை வருடமும் உங்கள் மேல் கோபப்பட்டுக்கொண்டிருக்கிறாள். என் பொய்யால் சாவுக்குப் பிறகும் உங்கள் மேல் ஒரு குற்றம் ஏறி நிற்கிறது. இப்போது தாயின் கபருக்குப் போய்விட்டு, அப்பா உட்கார்ந்த இடத்தையும் பார்க்க வேண்டும் என்கிறாள். எனக்குப் பயமாக இருக்கிறது சாப். அவள் முகத்தில் உங்கள் கண்கள் இருக்கும்.

உங்கள் பெயரைப் பொறித்த பித்தளை எழுத்துகளைப் பெட்டியில் திரும்பப் போடவில்லை. ஒரு துணியில் முடிந்து மேஜை இழுப்பறையில் வைத்திருக்கிறேன். வெள்ளிக்கிழமை அவளை நீங்கள் உட்காரும் இடத்தில் உட்காரவைத்து, அந்த முடிச்சை அவிழ்த்து அவள் முன்னால் வைப்பேன். அப்புறம் சொல்வேன். உங்கள் அப்பா கவனமாகத்தான் இருந்தார். வேண்டாம் என்று இரண்டு தடவை சொன்னார். இரண்டு தடவையும் எனக்குக் காது கேட்டது.