சம்பந்திக்கு ஆக்கிய மீன்குழம்பு

ஞாயிறு, இரவு.

வெட்கக்கேடுதான், எழுதியே தொலைக்கிறேன். பாலக்காட்டிலிருந்து வரப்போகும் சம்பந்தியைப் புரிந்துகொள்ள ஒரே வாரத்தில் ஆறு மலையாளப் படம் பார்த்தேன். ஆறிலும் மீன்குழம்பு. இன்று மகள் யாழினியைப் பெண் பார்க்க வந்தவர்களுக்கு அதையே ஆக்கச் சொன்னேன்.

"ஏனுங்க, நல்ல காரியத்துக்கு யாராச்சும் மீனு ஆக்குவாங்களா?" என்றாள் மனைவி.

"அவிய ஊட்டுல அதுதான் அம்மணி பழக்கம்," என்றேன், நான் பிறந்ததே அங்கேதான் என்பதுபோல.

இலையில் குழம்பு விழுந்ததும் மாப்பிள்ளையின் அப்பா கையை இழுத்துக்கொண்டார். "நாங்க சைவமாக்கும்." யாழினி என்னைப் பார்த்த பார்வையில் கல்யாணம் முறிந்தே போயிருந்தது.

மாப்பிள்ளையின் அம்மாதான் சிரித்தார். "நாங்களும் உங்க தமிழ்ப் படம் பார்த்துட்டாக்கும் வந்தோம். அரிவாளத் தூக்கினா ஓடணுமேன்னு வண்டியைத் திருப்பி நிறுத்தியிருக்கு."

தயிர்சாதத்தோடு நாளும் குறித்தாயிற்று.

அந்தப் படங்கள் ஒரு வீட்டை அவ்வளவு நெருக்கமாகக் காட்டுகின்றன. அது ஒரே ஒரு வீடு என்பதைத்தான் நான் மறந்துவிட்டேன்.

விளக்கை அணைக்கப் போகும்போது யாழினி வந்து சொல்கிறாள்: கை கழுவப் போன மாப்பிள்ளை, சமையலறையில் நின்றபடியே மூன்று துண்டு மீன் தின்றாராம்.