செங்கன்னூர் பகவதியும் விசாலத்தின் பரீட்சையும்

மாமியாரென்று ஒருநாளும் நான் சொல்லிக் கூப்பிட்டிராத என் அம்மாவுக்கு, நமஸ்காரம்.

நீங்கள் போனபின் திருவிதாங்கூரும் கொச்சியும் ஒன்றாகிவிட்டன. வீட்டில் பெரிய மாற்றமில்லை. ஆனால் உங்கள் பெயரைச் சொல்லி இங்கே ஒரு வழக்கு நடந்தது. அதை உங்களிடம் சொல்லாமல் விடுவது சரியல்ல.

உங்கள் பேத்தி விசாலத்துக்கு இன்டர்மீடியட் பரீட்சை. கணக்குத் தாளன்று காலையில் வீட்டுக்கு விலக்கானாள். அந்த ஒரு தாள் போனால் படிப்பு நின்றுவிடும்; மாப்பிள்ளை பார்த்து வைத்தாயிற்று. உங்கள் பிள்ளை பின்கட்டு அறையைக் காட்டினார்.

முந்தின நாள்தான் கோட்டைக்குள் ஒரு சாமியாரின் பிரசங்கம் கேட்டுவிட்டு வந்து, பெண்ணெல்லாம் பராசக்தி என்று சாப்பிடும்போது சொல்லிக்கொண்டிருந்தார். அது என்னாயிற்று என்று கேட்டேன்.

“அது வேதாந்தம்டீ. இது ஆசாரம். அம்மா இருந்தா விடுவாளா?”

“விட மாட்டா. தெரியும்.”

நீங்கள் என்னைச் செங்கன்னூருக்கு அழைத்துப் போனது நினைவிருக்கிறதா? அங்கே பகவதிக்கும் விலக்கு உண்டு. நடையடைத்துத் தனியே இருத்தி, பிறகு ஆற்றில் நீராட்டி யானைமேல் கொண்டுவருவார்கள். கூட்டத்தில் நீங்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டு அழுதீர்கள். வீடு திரும்பியதும் நான் விலக்கானேன். பேசாமல் பின்கட்டைக் கைகாட்டினீர்கள். அவளுக்குச் செய்த மரியாதை எந்த இடத்தில் நின்றுபோயிற்று அம்மா?

இதைச் சொன்னதும் இவர், “பகவதியே ஒதுங்கித்தானே இருக்கா?” என்றார்.

“இருக்கா. அவ வெளியில வர வரைக்கும் ஊரே காத்துண்டிருக்கு. விசாலத்துக்காகப் பரீட்சை காத்துண்டிருக்குமா?”

விசாலம் குறுக்கே வந்தாள். “அப்பா, சமயமாச்சு. உங்க வழக்கை அப்பறம் நடத்துங்கோ.”

இவர் குடையை எடுத்துக்கொண்டு அவளோடு கிளம்பினார். மேலே பட்டுவிடாமல் எட்டி, முன்னால் நடந்தார். தெருமுனையில் திரும்பி, அவள் வந்து சேரும்வரை நின்றார்.

என் பக்தி குறையவில்லை. அன்று விளக்கைப் பயந்துகொண்டேதான் ஏற்றினேன். தப்பென்றால் பகவதி என்னைக் கேட்கட்டும். பரீட்சை முடிவு இன்னும் வரவில்லை. தோற்றாலும் எழுதித்தான் தோற்றிருப்பாள்.

உங்கள் திவசத்துக்கு எப்போதும்போல் மடியாகச் சமைப்பேன். அதில் ஒரு குறையும் வராது. ஆனால் புத்தகத்தோடு படியிறங்கும் பெண்ணை, உங்கள் பெயரைச் சொல்லி இனி யாரும் மறிக்க விடமாட்டேன்.

உங்கள் மருமகள்,
மீனாட்சி
திருவனந்தபுரம்