இரண்டாம் முறை இறக்கிய இடம்

என் உயிரான நைனாவுக்கு,

நேற்று விழுப்புரம் கோர்ட்டில் அம்மா பேசினாள். நம் அம்மாதான்! கரண்ட் பில் கட்டும் இடத்தில்கூட "நீயே கேளு" என்று என்னை முன்னால் தள்ளிவிட்டு என் முதுகுக்குப் பின்னால் நிற்பாளே, அவள்தான். எனக்கு இன்னும் மலைப்பு அடங்கவில்லை. இதை உன்னிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வேன்?

நடந்தது எதுவும் உனக்குத் தெரியாது. உன்னை எடுத்துக்கொண்டு போன அன்று, இடுகாட்டுக்குப் போகும் ஏரிக்கரைப் பாதை மழைத் தண்ணீரில் முழுகிக் கிடந்தது. காலனி முனை மதகில் வழக்கப்படி பாடையை இறக்கி, தலைமாடு கால்மாடு மாற்றித் திருப்பினார்கள். பெண்கள் நாங்கள் அங்கேயே நின்றுவிட்டோம். வேறு வழியில்லாமல் ஆண்கள் உன்னை ஊர்த்தெரு வழியாகக் கொண்டுபோனார்கள். கொஞ்ச நேரத்தில் மேளம் நின்றுவிட்டது. "மோளம் இன்னாத்துக்கு நின்னுச்சு?" என்று கேட்டுக்கொண்டே அம்மா ஓடினாள். மதகைத் தாண்டிப் பெண்கள் போகிற வழக்கம் உண்டா? அவள் போனாள். பின்னாலேயே நானும்.

ரேஷன் கடை முன்னால் நடுரோட்டில் உன்னை இறக்கி வைத்திருந்தார்கள். அரிசி மில்காரர் குறுக்கே நின்றிருந்தார். கடை வரிசையில் நின்ற அத்தனை பேர் முன்னாலும் நம் சாதிப் பெயரைச் சொல்லித் திட்டினார். "உங்க பொணம் இந்தத் தெருவுல போவுமா?" என்று கேட்டார். செஞ்சிக் கோட்டையில் ராஜாக்கள் ஏறிய படியெல்லாம் முள் வெட்டிச் சுத்தம் செய்தவன் நீ. உனக்கு ரேஷன் கடை வாசல் ஆகாதாம்! கடைசியில் மதகுக்கே திரும்பி வந்து, இடுப்பளவு தண்ணீரில் உன்னைச் சுமந்து போனார்கள்.

புகாரை நான்தான் எழுதினேன். வன்கொடுமை வழக்குப் பதிவானதும் மில்காரர் தலைமறைவாகிவிட்டார். ஒளிந்துகொண்டே முன்ஜாமீன் கேட்டு மனு போட்டார். இந்தச் சட்டத்தில் அது லேசில் கிடைக்காது நைனா. புகாரைப் படித்துப் பார்த்து, அதில் குற்றம் நடந்ததாகவே தெரியவில்லை என்றால்தான் தருவார்கள். ஆக, எல்லாம் நான் எழுதிய அந்த இரண்டு பக்கத்தில்தான் இருந்தது.

அதில்தான் உன் பட்டதாரி மகள் கோட்டை விட்டாள். அழுகையும் ஆத்திரமுமாக எழுதியதில், இரண்டு இடத்தில் இறக்கியதை ஒன்றாக்கிவிட்டேன். 'பாதி வழியில் வழக்கப்படி இறக்கினோம், மில்காரர் வந்து திட்டினார்' என்று எழுதியிருக்கிறேன். மதகில் இறக்குவது நமக்குப் பழகிப்போன சங்கதி. அதனால் படித்துப் பார்த்த நம் ஆட்கள் ஒருவருக்கும் அது உறுத்தவில்லை.

கோர்ட் நோட்டீஸைப் போலீஸ்காரர் கொண்டுவந்தபோது அம்மா என் முதுகுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டாள். "நம்மளயா புடிக்கப் போறாங்க?" என்றாள். பாதிக்கப்பட்டவர்களைக் கேட்காமல் ஜாமீன் கொடுக்கக்கூடாது என்று சட்டத்திலேயே இருக்கிறது, அதற்குத்தான் கூப்பிடுகிறார்கள் என்று வக்கீல் விளக்கிச் சொன்னார். உன் பெண்டாட்டி பேசட்டும் என்று யாரோ, எங்கேயோ உட்கார்ந்து எழுதி வைத்திருக்கிறார்கள் நைனா! நினைக்க நினைக்க எனக்குச் சிலிர்க்கிறது.

கோர்ட்டில் மில்காரரின் வக்கீல் என் வரியைத்தான் உரக்கப் படித்தார். "அவங்க வழக்கத்துக்கு அவங்களே இறக்கியிருக்காங்க. யாரும் தடுக்கல" என்றார். முன்ஜாமீன் கிடைத்துவிட்டால் மில்காரர் மறுநாளே தெருவில் வந்து நிற்பார். அதற்கப்புறம் ரேஷன் வரிசையில் நின்றவர்களில் யார் சாட்சிக்கு வருவார்கள்? உன்னை நானே இன்னொரு தடவை ரோட்டில் இறக்கிவிட்டேனே என்று அழுகை முட்டியது.

நீதிபதி ஒரு பெண். "இறந்தவரோட மனைவி வந்திருக்காங்களா? நீங்க ஏதாவது சொல்லணுமாம்மா?" என்று கேட்டார். அம்மா என்னைத் தள்ளவில்லை. தானே எழுந்து முன்னால் போனாள்.

"நாங்களா எறக்குறது ஒரு வாட்டிதாம்மா. மதகாண்ட. அங்க திருப்பிட்டா, அப்புறம் குழியாண்டதான் எறக்கணும். அன்னிக்கு ரெண்டு வாட்டி எறக்குனாங்க. ரெண்டாவது வாட்டி எறக்க வச்சது மில்லுக்காரரு."

"ரெண்டாவது எந்த இடத்துல?"

"ரேசன் கடையாண்ட. மதகு எங்க கீது, கடை எங்க கீது? திருப்புன பொணத்த யாராச்சும் நடுத்தெருவுல வைப்பாங்களாம்மா?"

குரல் கொஞ்சம்கூட நடுங்கவில்லை. நீதிபதி எஃப்.ஐ.ஆரைப் புரட்டினார். சம்பவ இடம் ரேஷன் கடை என்றுதான் அதில் பதிவாகியிருந்தது. "அப்போ கடை முன்னாடி ஏன் இறக்கினாங்க?" என்று அந்த வக்கீலைக் கேட்டார். அவர் கேஸ் கட்டைப் பிரித்துத் தேடிக்கொண்டே நின்றார். சாயங்காலம் மனு தள்ளுபடி என்று உத்தரவு வந்தது.

மில்காரர் ஹைகோர்ட்டுக்குப் போவாராம். போகட்டும், நாங்களும் போவோம். அங்கேயும் அம்மாவைக் கேட்டுத்தானே ஆகவேண்டும்?

திரும்பி வரும்போது செஞ்சி மலை கண்ணுக்குத் தெரிந்ததும் அம்மா, "நான் ஒண்ணும் தப்பா பேசிடலியே?" என்று கேட்டாள். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். அவள் அழவில்லை. வறுத்த வேர்க்கடலையை மென்றுகொண்டே சொன்னாள்: "உங்க நைனா கடை வரைக்கும் வந்துட்டாரு. மீதித் தெரு இன்னும் நடக்கலியே."

உன் வருஷத் திதிக்கு அம்மாவும் நானும் மதகில் நிற்கமாட்டோம், நைனா. உன்னை இரண்டாம் முறை இறக்கிய அந்த ரேஷன் கடை வாசலிலிருந்து புறப்பட்டு, அந்தத் தெரு முழுக்க நடந்து உன்னிடம் வருவோம். இது சத்தியம்.

பின்னால் நிற்காத அம்மாவின் மகள்,
உன் மல்லிகா